மாமா ரஷீதும் மண்டாசியும்

ஞாயிற்றுக்கிழமைகளில் அந்த வீட்டுக் குசினி குலசிங்கத்தின் கையில் இருக்கும். ரொறன்ரோவில், எக்ளிங்டன் வீதியோரத்துக் கட்டிடத்தில் பதினோராவது மாடி, ஒற்றை அறை. காலையில் சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு, பெரிய சட்டியில் கோதுமை மாவைக் கொட்டி, இளஞ்சூடான தேங்காய்ப்பாலில் சீனியும் ஏலக்காயும் ஈஸ்ற்றும் கலந்து பிசையத் தொடங்குவான். பிசைந்து முடிந்ததும் அந்த உருண்டையை மூன்று தரம் தட்டுவான், தொட்டிலில் கிடக்கிற பிள்ளையைத் தட்டுவதுபோல. பிறகு மஞ்சளும் கறுப்புமாய்ப் பூப்போட்ட ஒரு துணியால் மூடி, யன்னலுக்குக் கீழே ஹீற்றரின் பக்கத்தில் வைப்பான். வெளியே பனி கொட்டினாலும் அந்த மூலையில் மா ஒரு மணித்தியாலத்தில் இரண்டு மடங்காய்ப் பொங்கிவிடும். வட்டமாய் உருட்டி, நாலாய் வெட்டி, கொதிக்கிற எண்ணெயில் போட்டால் ஒவ்வொரு துண்டும் குட்டித் தலையணைபோல ஊதிக்கொண்டு மேலே வரும். பிய்த்துப் பார்த்தால் உள்ளே ஒன்றுமில்லை, ஏலக்காய் மணக்கிற காற்றுத்தான்.

அதுதான் மண்டாசி. கென்யாவில், மொம்பாசாப் பட்டினத்தில், விடிந்தால் தேத்தண்ணியோடு எல்லோரும் சாப்பிடுவது. கனடாவுக்கென்று வெளிக்கிட்ட குலசிங்கத்தை ஏஜென்சிக்காரன் அந்தப் பட்டினத்தில்தான் இறக்கிவிட்டுக் காணாமற்போனான். இரண்டு வருஷமும் இரண்டு மாதமும் அவன் அங்கே கிடந்தான்.

அவன் மனைவி புனிதவதி அப்போது யாழ்ப்பாணத்தில் இருந்தாள். கலியாணம் முடித்து நாலே நாலு மாதம் ஒன்றாய் இருந்தவர்கள். அவன் மொம்பாசாவிலிருந்து எழுதிய கடிதங்கள் சில வேளை மாதக் கணக்கில் பிந்தி, மூன்று நாலு சேர்ந்து வரும். அவற்றில் ஒரு பெயர் எப்போதும் இருக்கும். ‘மாமா ரஷீத் வீட்டில் ஓர் அறை கிடைத்திருக்கிறது. மிகவும் நல்லவர்.’ ‘இன்று மாமா ரஷீத் மண்டாசி என்று ஒரு பலகாரம் செய்து தந்தார்.’ ‘எனக்குக் காய்ச்சல். மாமா ரஷீத்தான் கஞ்சி வைத்துத் தந்தார். கவலைப்பட வேண்டாம்.’

புனிதவதியின் மனதில் மாமா ரஷீத் உருவம் எடுத்துவிட்டார். வெள்ளைத் தொப்பி, நரைத்த தாடி, கட்டம்போட்ட சாரம், தாராளமான வயிறு. தான் எழுதும் ஒவ்வொரு கடிதத்தின் கடைசியிலும், ‘மாமா ரஷீத் அவர்களுக்கு என் பணிவான வணக்கத்தைத் தெரிவிக்கவும்’ என்று எழுதினாள். ஒரு வெள்ளிக்கிழமை கோயிலில் அவர் பெயருக்கு அர்ச்சனையும் செய்வித்தாள். ஐயர் நட்சத்திரம் கேட்டார். தெரியாது. தன் நட்சத்திரத்தையே சொல்லிவிட்டு வந்தாள்.

பிறகு குலசிங்கம் எப்படியோ ரொறன்ரோ வந்து சேர்ந்து, அகதிக் கோரிக்கை ஏற்கப்பட்டு, மனைவியைக் கூப்பிட்டான். தொண்ணூற்று நாலு ஒக்ரோபரில் அவள் விமானத்தால் வந்து இறங்கினாள். வந்த முதல் ஞாயிறே மண்டாசி. ஆசையாய்ச் சாப்பிட்டாள். மாமா ரஷீத் நன்றாயிருக்கட்டும் என்றாள். ஐப்பசி, கார்த்திகை, மார்கழி, தை என்று நாலு மாதம் அப்படியே போனது.

மாசி மாதத்து ஒரு ஞாயிறு. அவன் பிசைந்துகொண்டிருந்தான். அவள் மேசையில் இருந்து ஏலக்காய் உடைத்துக்கொண்டிருந்தாள்.

“கொஞ்சம் தண்ணி விடுங்கோவன். இறுகிப்போச்சுப் போல.”

“இல்லையப்பா. மாமா ரஷீத் ஒருநாளும் தண்ணி விடமாட்டா. பாலிலதான் பிசைவா.”

ஏலக்காய் ஒன்று மேசையிலிருந்து உருண்டு நிலத்தில் விழுந்தது.

வேறு மொழிக்காரருக்கு இதில் ஒன்றும் கேட்டிருக்காது. யாழ்ப்பாணத்துக் காதுக்குத்தான் கேட்கும். ‘பிசைவார்’ என்றால் ஆண். ‘பிசைவா’ என்றால் மரியாதைக்குரிய ஒரு பெண். கடிதத்தில் இந்த வித்தியாசம் இல்லை. எழுத்தில் ஆணும் ‘அவர்’தான், பெண்ணும் ‘அவர்’தான். வாயால் சொல்லும்போதுதான் அந்தக் கடைசி ‘ர்’ இருக்கிறதா இல்லையா என்பது வெளிக்கும். நாலு மாதமாய் அவன் ‘மாமா ரஷீத் வீட்டில’, ‘மாமா ரஷீதின்ர முறை’ என்று வினையே வராமல் வழுக்கி வழுக்கிக் கதைத்திருக்கிறான் என்பதை அவள் அந்த நிமிஷத்தில்தான் உணர்ந்தாள்.

“ஆர் பிசைவா?”

அவன் கை நின்றது. “மாமா ரஷீத்.”

“பிசைவாரோ, பிசைவாவோ?”

ஹீற்றர் இரண்டு தரம் ‘டொக் டொக்’ என்றது.

“பிசைவா,” என்றான் குலசிங்கம். “அந்தப் பாஷையில மாமா எண்டா அம்மா, புனிதா. ரஷீத் அவவின்ர மகன். அங்க பொம்பிளையளைச் சொந்தப் பேர் சொல்லிக் கூப்பிடுறேல்லை. பிள்ளையின்ர பேரைச் சொல்லி, இன்னாற்ற அம்மா எண்டுதான். அதுதான் மாமா ரஷீத்.”

அவள் அந்தப் பெண்ணின் வயதைக் கேட்கவில்லை. கேட்டால் தன் நெஞ்சு வெளியே தெரிந்துவிடும்.

“ரஷீதுக்கு என்ன வயசு?” என்றாள்.

“அப்ப… ஏழு, எட்டு இருக்கும்.”

எட்டு வயதுப் பிள்ளையின் தாய்க்கு என்ன வயது இருக்கும்? முப்பது. கூடினால் முப்பத்திரண்டு. நரைத்த தாடியும் தொப்பியும் கழன்று விழுந்தன. அந்த இடத்தில் முகமில்லாத ஒருத்தி வந்து நின்றாள்; கை மட்டும் மாவில் இருந்தது.

“தகப்பன்?”

“கப்பலுக்குப் போனவராம். திரும்பி வரேல்லை.”

“நல்லது,” என்றாள் புனிதவதி. எது நல்லது என்று அவளுக்கே தெரியவில்லை. “அப்ப நான் வருஷக் கணக்கா வணக்கம் எழுதினது ஒரு எட்டு வயசுப் பொடியன்ர பேருக்கு. அர்ச்சனை செய்தது அவன்ர தாய்க்கு. அதுவும் என்ர நட்சத்திரத்தில.”

குலசிங்கத்துக்குச் சிரிப்பு வரப் பார்த்தது. அவள் முகத்தைப் பார்த்து அதை விழுங்கினான்.

“உங்களுக்குத் தெரியும்தானே, நான் ஆம்பிளை எண்டு நினைச்சனான் எண்டு?”

“முதல் கடிதம் எழுதேக்க எனக்கு அந்த யோசினையே இல்லை. பிறகு நீர் ‘மாமா அவர்களுக்கு’ எண்டு எழுத விளங்கிச்சு. என்னத்தைத் திருத்துறது? புருஷன் இல்லாத ஒரு பொம்பிளையின்ர வீட்டில இருக்கிறன் எண்டு, அங்க ஷெல்லடிக்குள்ள இருக்கிற உமக்கு எழுதச் சொல்லுறீரோ?”

“தெரிஞ்சும் விட்டனீங்கள்.”

“ஒண்டும் நடக்கேல்லை, புனிதா.”

“நான் அதைக் கேட்டனானோ?”

அவள் கேட்கவில்லைதான். அன்று மண்டாசியையும் தொடவில்லை. தட்டில் அவன் வைத்துவிட்டுப் போன நாலு துண்டும் ஆறி, ஊதல் இறங்கிச் சுருங்கின. பின்னேரம் அவற்றைக் கடுதாசிப் பையில் போட்டு, நடைபாதையின் முடிவிலிருக்கிற குப்பைக் குழாயின் கதவைத் திறந்து உள்ளே போட்டாள். பதினொரு மாடியும் முட்டி மோதிக்கொண்டு விழுகிற சத்தத்தைக் கடைசிவரை நின்று கேட்டாள்.

அதன்பிறகு அவள் அவனைப் பார்க்கிற விதம் மாறிவிட்டது. கலியாணம் கட்டின புதிதில் இந்த மனிதன் தண்ணீர்கூடத் தானாய் வார்த்துக் குடித்தவனில்லை. குசினி வாசலில் நின்று “என்ன சமையல்?” என்று கேட்பான், அவ்வளவுதான். இப்போது வெங்காயத்தை உரித்தால் தோல் ஒரே சுருளாய் வருகிறது. பாத்திரம் கழுவும்போது தெரியாத மெட்டில் ஏதோ முணுமுணுக்கிறான். மாவைப் பிசையும்போது உள்ளங்கையின் அடிப்பாகத்தால் தள்ளி, விரல் நுனியால் இழுத்து மடிக்கிறான். அந்த மூன்று தட்டு! அது குலசிங்கத்தின் தட்டு இல்லை. அந்தக் கைக்குள் இன்னொரு கை இருக்கிறது. வந்த நாளிலிருந்து அவள் கொண்டாடிய இந்தப் புதுக் கணவனை ஆக்கி எடுத்தது யார்?

நாலு மாதம் எனக்கு. இருபத்தாறு மாதம் அவளுக்கு. பஸ்ஸில், வேலையில், குளிக்கும்போது, இந்த இரண்டு இலக்கமும் அவளுக்குள் ஓடிக்கொண்டேயிருந்தன. அவன் ஒன்றும் நடக்கவில்லை என்கிறான். சரி, நடக்கவில்லை. காய்ச்சலுக்குக் கஞ்சி வைத்தது நடந்ததுதானே? ஊரில் சவர்க்காரமும் மாவும் இல்லாமல் தான் அல்லாடிய நாட்களில் அங்கே ஒருத்தி அவனுக்குச் சுடச்சுடப் பொரித்துக் கொடுத்தது நடந்ததுதானே? இனி இந்த மனிதன் மண்டாசியைக் கடிக்கும்போதெல்லாம் யாரை நினைப்பான்? அவளுக்கு அது ஒன்றுதான் தெரியவேண்டும்.

புதன்கிழமை காலை, அவன் காப்பெற் பண்டகசாலைக்கு வேலைக்குப் போனபின், அவள் சாரித் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டு குசினிக்குள் இறங்கினாள். அவளுக்கு இரண்டு மணிக்குத்தான் வேலை. அந்தப் பெண் செய்வதைவிடத் திறமாய்ச் செய்து, பின்னேரம் அவன் முன்னால் வைத்து, முகத்தைப் பார்ப்பதென்று முடிவு கட்டியிருந்தாள். திறமாய்ச் செய்வதென்றால் திறமான மா வேண்டும். புட்டுக்கும் இடியப்பத்துக்குமென்று அவள் கோதுமை மாவைத் துணியில் கட்டி ஆவியில் அவித்து, சூட்டோடு அரித்து, ரின்னில் போட்டு வைத்திருந்தாள். பட்டுப்போல இருக்கும். அவிக்காத பச்சை மா ரொட்டிக்குச் சரி. சும்மா ஆட்களுக்குச் சரி. அவளோ அந்த ரின்னைத் திறந்தாள்.

மா சேரவில்லை. பாலை விட விடக் குடித்தது, பிடித்தால் உதிர்ந்தது. ஈஸ்ற்றை இரட்டிப்பாய்ப் போட்டாள். மஞ்சள் துணியால் மூடி ஹீற்றருக்குப் பக்கத்தில் இரண்டு மணித்தியாலம் வைத்தாள். வைத்தபடியே இருந்தது. உருட்டினால் ஓரமெல்லாம் வெடித்தது. எண்ணெயில் போட்டால் நேரே அடிக்குப் போய்க் குந்திக்கொண்டது. புகை எழும்பி அலாம் வேறு கத்தத் தொடங்க, அவள் பல்கனிக் கதவைத் திறந்துவிட்டு, கதிரையில் ஏறி நின்று தேங்காய்ப்பால் கையோடு தும்புத்தடியால் அலாமை அடித்தாள். கடைசியில் கிடைத்த பன்னிரண்டு துண்டில் ஒன்றை மேசையில் தட்டினாள். சத்தம் கேட்டது.

அவளிடம் இருந்தால் ஊதுகிறது. என்னிடம் இருந்தால் கல்லாகிறது. அவளுக்கு அழுகை வந்தது.

சவர்க்காரப் பெட்டி அடுக்கும் தொழிற்சாலையில் அவளோடு ஒரே வரிசையில் நிற்பவள் குல்ஷன். ஐம்பது வயது, குஜராத்திக் குடும்பம், ஆனால் பிறந்து வளர்ந்தது மொம்பாசாவில். புனிதவதி அவளோடு அதிகம் கதைத்ததில்லை. அன்று நாலைந்து மண்டாசியை அந்த மஞ்சள் துணியிலேயே முடிந்துகொண்டு போய், இடைவேளையில் அவள் முன்னால் அவிழ்த்தாள். இருவருக்கும் பொதுவாய் இருந்தது உடைந்த ஆங்கிலமும் கையும்தான். அதைத் தமிழில் சொன்னால் இப்படி வரும்.

“இது என்ன?” என்றாள் குல்ஷன்.

“மண்டாசி.”

குல்ஷன் ஒன்றை எடுத்துக் கடிக்கப் பார்த்து, பல்லைத் தடவிக்கொண்டாள். “யார்மேல் எறிவதற்குச் செய்தாய்?”

புனிதவதி சிரிக்கவில்லை. மாவை எடுத்த விதத்திலிருந்து எல்லாவற்றையும் சொன்னாள். அவித்த இடம் வந்ததும் குல்ஷன் தலையில் கை வைத்தாள்.

“மாவை அவித்தாயா? கடவுளே! மாவுக்குள் ஒரு இழுவை இருக்கிறது. அதுதான் காற்றைப் பிடித்து வைத்திருக்கும். நீ ஆவியிலேயே அதைக் கொன்றுவிட்டாய். பச்சை மா போடு, மகளே. கடையில் விற்கிற சாதாரண பச்சை மா.”

பிறகு அவள் துணியை இழுத்து விரித்துப் பார்த்தாள். முகம் மலர்ந்தது. “இது எங்கே கிடைத்தது? இது கங்கா! எங்கள் ஊர்ப் பெண்கள் இடுப்பில் சுற்றுவது.”

“இது… மா மூடுகிற துணி.”

“மா மூடவா? நல்ல பருத்தி, பார். பெண்கள் கட்டுவதுதான். எப்போதும் சோடியாய்த்தான் விற்பார்கள், ஒரே பூவில் இரண்டு துண்டு. வாங்கி, நடுவே வெட்டி, ஒன்றைத் தான் வைத்துக்கொண்டு மற்றதை நெருக்கமான ஆளுக்குக் கொடுப்பார்கள். மற்றப் பாதி யாரிடம் இருக்கிறது?”

புனிதவதி துணியைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். நாலு மாதமாய் ஒவ்வொரு திங்கட்கிழமையும் அந்தத் துணியைத் தோய்த்து, காயவைத்து, ஸ்திரி போட்டு மடித்து வைத்தவள் அவள். ஒருத்தி இடுப்பில் சுற்றுகிற துணியை. அதன் மற்றப் பாதி இந்த நிமிஷமும் எங்கோ ஓர் இடுப்பில் இருக்கிறது.

“அந்தப் பாஷையில்,” என்றாள் மெதுவாய், “மாமா என்றால் அம்மா. அப்பாவுக்கு?”

“பாபா. பாபா ரஷீத், பாபா ஹசன். பிள்ளையின் பெயரோடு.”

“நான் அவருடைய மனைவி என்று எப்படிச் சொல்வது?”

குல்ஷன் அவளை ஒரு முறை நன்றாய்ப் பார்த்தாள். துணியையும் பார்த்தாள். அவளுக்கு எல்லாம் விளங்கிவிட்டது. “மிமி ம்கே வாக்கே. ம்கே என்றால் மனைவி. திருப்பிச் சொல்லு.”

“மிமி ம்கே வாக்கே.”

“பல்லைக் கடிக்காமல் சொல்லு. யாரிடம் சொல்லப் போகிறாய்? நாளைக் குறித்துச் சொல்லு, நானும் வேடிக்கை பார்க்க வருகிறேன்.”

அன்று வேலை முடியும்வரை சவர்க்காரப் பெட்டிகளுக்கு அவள் அந்த மூன்று சொல்லையும் சொல்லிக்கொண்டே நின்றாள்.

வீட்டில் அவள் துணியை மேசையில் விரித்து வைத்துக் குலசிங்கத்திடம் கேட்டாள். “இதின்ர மற்றப் பாதி எங்க?”

“எது?”

“தெரியாத மாதிரி நிக்காதேங்கோ. இது பொம்பிளையள் கட்டுறது. சோடி. ஆர் தந்தது?”

“அவதான் தந்தவ. வெளிக்கிடேக்க.”

“ஏன் தந்தவ? ஆருக்குத் தந்தவ?”

 “சும்மாதான்… மாவுக்கு மூட,” என்றான்.

அது பொய் என்று சுவருக்கும் தெரிந்தது. அதற்குப் பிறகு இரண்டு கிழமை அந்த வீட்டில் ‘சாப்பாடு இருக்கு’, ‘கதவைப் பூட்டுங்கோ’ என்பவை தவிர வேறு கதை இல்லை. ஒரு ஞாயிறு மண்டாசியே செய்யப்படவில்லை.

நோன்புப் பெருநாள் வந்து போனது. ஒவ்வொரு வருஷமும் பெருநாளுக்குப் பிறகு வரும் ஞாயிறு, குலசிங்கம் மாமா ரஷீத் வீட்டுக்குக் கீழேயிருக்கிற கடைக்கு ரெலிபோன் எடுத்து அவளைக் கூப்பிட்டு வாழ்த்துச் சொல்லுவது வழக்கமாம். இந்த வருஷம் அவன் ரெலிபோன் பக்கம் போகாமல், யன்னலோடு நின்று கார்த் தரிப்பிடத்துப் பனியைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

“எடுங்கோ,” என்றாள் புனிதவதி.

“வேண்டாமப்பா.”

“எடுங்கோ. எனக்கு அவவோட ஒரு கதை இருக்கு.”

“உமக்கு அந்தப் பாஷை தெரியாதே!”

“எனக்கு வேண்டியது தெரியும்.”

அவன் எடுத்தான். மூன்றாம் தரம்தான் கோடு கிடைத்தது. கடைக்காரன் யாரையோ கூப்பிடுகிற சத்தம் இங்கேவரை கேட்டது. பிறகு குலசிங்கம் கதைக்கத் தொடங்கினான். அவள் கேட்டேயிராத ஒரு மொழி அவன் வாயிலிருந்து மளமளவென்று கொட்டியது. இடையில் சிரித்தான். இப்படித் தோள் குலுங்கிச் சிரிக்கிற குலசிங்கத்தை அவள் அதுவரை பார்த்ததில்லை. அந்தச் சிரிப்புக்கூட அங்கேதான் வாங்கியதோ?  எழுந்து போய் றிசீவரைப் பிடுங்கினாள்.

“மிமி ம்கே வாக்கே!” என்றாள். பல்லைக் கடித்துக்கொண்டுதான் சொன்னாள்.

 அந்தப் பக்கத்திலிருந்து ஒரு குரல், வயதாகாத, நிறைந்த, வடிவான குரல், ஏதோ கேட்டது. வடிவான குரல் என்று தோன்றியதற்காகவே அவளுக்கு இன்னும் கோபம் வந்தது. பெயரைக் கேட்கிறாளாக்கும் என்று நினைத்து, “புனிதா. மிமி புனிதா,” என்றாள்.

“புனிதா?” என்றது குரல். “புனிதா… ம்கே? பாபா புனிதா—”

அவ்வளவுதான். அங்கே சிரிப்பு வெடித்தது. கடைக்காரனுக்கும் கடையில் நின்ற சனத்துக்கும் அவள் கத்திக் கத்திச் சொல்வது கேட்டது. பாபா புனிதா, பாபா புனிதா என்ற சொல் மட்டும் திரும்பத் திரும்ப வந்தது.

புனிதவதி றிசீவரின் வாயைக் கையால் பொத்திக்கொண்டு திரும்பினாள். “ஆர் பாபா புனிதா?”

குலசிங்கம் பிடரியைச் சொறிந்தான். “நான்தான்.”

“நீங்கள் எனக்கு அப்பாவோ?”

“குலசிங்கம் எண்டு சொல்ல அந்தச் சனத்துக்கு நாக்குப் புரளேல்லை. போன புதிசில எனக்கு ஒரு சொல்லும் தெரியாது. காய்ச்சலிலயும் கிடந்தனான். எந்த நேரமும் புனிதா, புனிதா எண்டு சொல்லிக்கொண்டு கிடந்தனாக்கும். அவ அது என்ர மகள் எண்டு நினைச்சிட்டா. அங்கத்தை வழக்கம் அதுதானே, புனிதாவின்ர தகப்பன். பாஷை விளங்குற நேரம் தெரு முழுக்க அந்தப் பேர் பரவிப்போச்சு. பிறகு எப்பிடித் திருத்துறது?”

“அங்கயும் திருத்தேல்லையோ!” என்றாள் புனிதவதி. “அவவுக்கு என்னை மகளாக்கினீங்கள். எனக்கு அவவை மாமனாக்கினீங்கள். நீங்கள் ஒராள்தான் நடுவில சுகமா இருந்திருக்கிறியள்!”

றிசீவருக்குள் அந்தக் குரல் இன்னும் ஓயவில்லை. இப்போது வேறொரு சொல். கங்கா, கங்கா, புனிதா, கங்கா. குல்ஷன் சொன்ன சொல். புனிதவதிக்குப் பிடிபட்டுவிட்டது.

“துணியைப் பற்றிக் கேக்கிறா. என்னவாம்?”

அவன் றிசீவரில் காதை வைத்துக் கேட்டான். கழுத்துவரை சிவந்தான். “இவ்வளவு நாளும் மகள் கட்டுறாளோ எண்டு கேட்டவ. இப்ப பெண்சாதிக்கு அளவு காணுமோ எண்டு கேட்டுச் சிரிக்கிறா.”

“அப்ப அது…”

“உமக்குத்தான், புனிதா. நான் வெளிக்கிடேக்க, தன்ர சோடியில ஒண்டை வெட்டி, மகள் புனிதாவுக்கு எண்டு தந்தவ. வளர்ந்தாப்போல கட்டட்டாம்.”

“பிறகேன் மாவுக்கு மூடினீங்கள்?”

“மாமா ஒருத்தர் உமக்குப் பொம்பிளையளின்ர துணி தந்துவிட்டவர் எண்டு எந்த வாயால சொல்லுறது? நீர் வந்த முதல் ஞாயிறே தர எடுத்தனான். தந்தால் எல்லாத்தையும் சொல்லவேணும். அந்த நேரம் பாத்து மா பொங்கிக்கொண்டு நிண்டுது, மூடிப்போட்டன். நீர் அதைக் குசினித் துணி எண்டு எடுத்துத் தோய்ச்சுப் போட்டீர். பிறகு…”

“பிறகு எப்பிடித் திருத்துறது,” என்று அவள் அவன் குரலிலேயே முடித்தாள்.

அந்தப் பக்கம் இருந்தவள் இன்னும் ஏதோ சொன்னாள். புனிதவதிக்கு விளங்கவில்லை. “அச்சா, அச்சா,” என்று குல்ஷன் சொல்வதுபோலச் சொல்லிவைத்துவிட்டு றிசீவரை அவனிடம் கொடுத்தாள். குசினிக்குள் போய் மஞ்சள் துணியை எடுத்துத் தோளைச் சுற்றிப் போட்டுக்கொண்டாள். பச்சை மாப் பையைத் திறந்தாள். காய்ச்சலில் கிடந்து புனிதா, புனிதா என்றானாம். இதை ஒருத்தி பக்கத்தில் இருந்து கேட்டிருக்கிறாள். கேட்டும் வேறெதையும் நினைக்காமல், அது ஒரு குழந்தையின் பெயர் என்று நினைத்திருக்கிறாள். ஆனாலும் கேட்டது அவள்தானே? தன் பெயரைத் தான் கேட்காத ஓர் இடத்தில் இன்னொருத்தி இருந்து கேட்டுவிட்டாள். புனிதவதி பாலை ஊற்றி, உள்ளங்கையால் ஓங்கித் தள்ளிப் பிசைந்தாள்.

குலசிங்கம் பின்னால் வந்து நின்றான். “மூண்டு தட்டுத் தட்டவேணும்.”

“எனக்குத் தெரியும்,” என்றாள். நாலு தட்டினாள். சாதாரண வெள்ளைத் துவாயால் மூடினாள்.

அன்றிலிருந்து இரண்டுபேரும் சேர்ந்துதான் பொரித்தார்கள். அவளுடையவை ஊதின, ஆனால் அவனுடையவை அளவுக்கு ஒருநாளும் ஊதவில்லை. வருகிற ஆட்களுக்கு அவள் அவன் பொரித்ததை எடுத்து வைத்து, “நான்தான் செய்தனான்” என்பாள். அவன் திருத்தமாட்டான், அந்தப் பழக்கம் அவனுக்கு இல்லையே. பெருநாளுக்குப் பிறகு வரும் ஞாயிறுகளில் ரெலிபோனை முதலில் எடுப்பது அவள்தான். கொஞ்சம் கொஞ்சமாய்ப் பத்துப் பதினைந்து சொல் பழகிக்கொண்டாள். கதைத்து முடித்து, அந்தப் பக்கத்துக் குரலுக்கு இனி அவனோடு கதைக்க ஒன்றும் மிச்சமில்லை என்று தெரிந்தபிறகுதான் அவனிடம் கொடுப்பாள்.

தொண்ணூற்றாறில் அவர்களுக்குப் பெண்பிள்ளை பிறந்தது. அட்சயா என்று பெயர் வைத்தார்கள். செய்தி சொல்ல மொம்பாசாவுக்கு எடுத்தபோது புனிதவதி பிள்ளைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்ததால் குலசிங்கம்தான் கதைத்தான். அந்தப் பக்கத்துக் குலவைச் சத்தம் அறை முழுக்கக் கேட்டது. பிறகு அந்தக் குரல், தன் ஊர் வழக்கப்படி, உரத்துக் கூப்பிட்டது.

“பாபா அட்சயா!”

குலசிங்கத்தின் முகம் பூரித்துப்போனது. பாபா அட்சயா என்று தானும் ஒருதரம் சொல்லிப் பார்த்தான்.

புனிதவதி பிள்ளையை மார்போடு அணைத்தபடி எழுந்து வந்தாள். அவன் கையிலிருந்து றிசீவரை வாங்கினாள். இல்லை என்பதற்கு அந்தப் பாஷையில் என்ன சொல்வதென்று அவளுக்கு இப்போது தெரியும்.

“ஹப்பானா, மாமா ரஷீத்,” என்றாள். “பாபா புனிதா.”

அந்தப் பக்கம் சிரிப்புக் கேட்டது. அவள் சிரிக்கவில்லை.